சாங்கிக்குப் பின் பேராயர் லெனார்ட் வில்சன்

கேள்வி: ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்குப் பேராயர் லெனார்ட் வில்சனைப் பற்றிச் சொல்ல விரும்புகிறேன். இரண்டாம் உலகப் போரின்போது சிங்கப்பூரின் சாங்கிச் சிறையில் அடைபட்டிருந்தவர் என்பதற்கு மேல் எனக்குத் தெரியவில்லை. எதை முதலில் சொல்வது?

பதில் 1: ஐயா, அவர் 1941இல் சிங்கப்பூர்ப் பேராயரானார். 1943 அக்டோபரில் ஜப்பானிய இராணுவக் காவல்படையான கெம்பெய்தாய் அவரைக் கொண்டுபோய், உளவு பார்த்ததாகக் குற்றஞ்சாட்டிப் பல நாள் வதைத்தது. அடிப்பவர்களின் முகத்தைப் பார்த்தபோது, ஒருகாலத்தில் உடன்பிறந்தவர்களோடு விளையாடிய சிறுபிள்ளைகள்தானே இவர்களும் என்று எண்ணியதால் வெறுக்க முடியாமற்போனதை, 1946இல் பிபிசி வானொலியில் ஆற்றிய பிரசங்கத்தில் அவரே கூறினார். பிள்ளைகளுக்கு இது உடனே புரியும்.

பதில் 2: போருக்குப் பின், வதைத்தவர்களில் ஒருவருக்கு அவரே திடப்படுத்தல் (ஞானஸ்நானம் பெற்றவரின் விசுவாசத்தை உறுதிப்படுத்தும் திருச்சபைச் சடங்கு) அளித்ததையும் அவசியம் சேருங்கள்.

பதில் 3: 1949இல் மான்செஸ்டர் சென்றார், 1953 முதல் 1969 வரை பர்மிங்காம் பேராயராக இருந்து, 1970இல் மறைந்தார்.