ஜுக்கர்மனின் மங்கி ஹில் ஆய்வு: பபூன்களின் இயல்புக்குச் சான்றாகுமா?

கேள்வி:
லண்டன் மிருகக்காட்சிசாலையின் ஹமாத்ரியாஸ் பபூன்கள் என்ற குரங்கினத்தைப் பற்றி சாலி ஜுக்கர்மன் 1932-ல் வெளியிட்ட நூலைப் படிக்கிறேன். பெண் பபூன்களைக் கைப்பற்ற ஆண் பபூன்களிடையே நடந்த சண்டையில் அந்தப் பெண்களே செத்துப்போகின்றன. இதுதான் அந்த இனத்தின் இயல்பு என்று பாடம் எடுக்கலாமா? இவர் பிரிட்டிஷ் அரசுக்கு அறிவியல் ஆலோசகரானது எப்படி?

பதில் 1:
வேண்டாம். அவர் பதிவுசெய்தது உண்மை, பொதுமைப்படுத்தியதுதான் பிழை. 1925-ல் அந்த மிருகக்காட்சிசாலையின் மங்கி ஹில் என்ற அடைப்பில் சுமார் 100 பபூன்களை இறக்கினார்கள். ஆண்கள் மட்டும் என்பதே திட்டம்; தவறுதலாக 6 பெண்களும் வந்துவிட்டன. 1927-ல் மேலும் 30 பெண்களை விட்டார்கள். இடம் 100 அடிக்கு 60 அடி. இறந்த 33 பெண்களில் 30 சண்டையில் போனவை.

காட்டில் ஓர் ஆண், சில பெண்கள், குட்டிகள் சேர்ந்ததுதான் அடிப்படைக் குடும்பம். விலகிப்போகும் பெண்ணை ஆண் பிடரியில் கடித்துத் திருப்பிக் கூட்டிவரும். பெரும்பாலும் காயம் படாது. ஒருவரையொருவர் அறியாத பல ஆண்கள் ஒரே பெண்ணை இப்படி இழுத்தால் அவள் பிழைப்பது அரிது. தப்பி ஒதுங்கவும் இடமில்லை.

ஹமாத்ரியாஸ் பபூன்களை ஆராய்ந்த விலங்கியலாளர் ஹான்ஸ் கும்மரின் சோதனையையும் சேர்த்துச் சொல்லுங்கள். ஒரே கூட்டத்து ஆண்கள் இரண்டில் ஒன்றிடம் பெண்ணை விட்டு, மற்றதைத் தனிக் கூண்டிலிருந்து 15 நிமிடம் பார்க்கவிட்டார்கள். பிறகு அதையும் உள்ளே விட்டபோது அது சண்டைக்கே போகவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்தது.

பதில் 2:
ஆலோசகர் பதவிக்கு வழிவிட்டது குரங்கு ஆய்வு அல்ல, இரண்டாம் உலகப் போர். ஜுக்கர்மன் உடற்கூறியல் படித்தவர். குண்டுவெடிப்பில் நுரையீரல் கிழிவது வாய்வழியே புகும் காற்றழுத்தத்தாலா, மார்புச் சுவரில் விழும் அடியாலா என்று முயல்களை வைத்துச் சோதித்தார். தடித்த ரப்பர் உறை போட்டவற்றின் நுரையீரல் தப்பியது. ஆக, மார்பில் விழும் அடிதான் காரணம். அடுத்து குண்டுவீச்சின் விளைவுகளைக் கணக்கிடும் வேலை. 1944-ல் நார்மண்டி தரையிறக்கத்துக்கு முன் பிரான்ஸின் ரயில் பாதைகளைத் தாக்கும் திட்டத்தை வகுத்ததில் அவருக்குப் பெரும் பங்கு. 1960 முதல் 1966 வரை பாதுகாப்பு அமைச்சகத்தின் தலைமை அறிவியல் ஆலோசகர். 1964 முதல் 1971 வரை முழு அரசுக்கும்.

பதில் 3:
பாடத்தில் இன்னொன்றையும் திருத்துங்கள். ஆண்டு முழுதும் நீடிக்கும் பாலுறவுதான் குரங்குக் கூட்டத்தைக் கட்டிவைக்கிறது என்பது ஜுக்கர்மனின் வாதம். ரீசஸ், ஜப்பானியக் குரங்குகள் குறிப்பிட்ட பருவத்தில்தான் இணைசேர்கின்றன, கூட்டமோ ஆண்டு முழுதும் கலையாமல் இருக்கிறது. அடைப்பில் நடந்த எந்த ஆய்வானாலும் பாலின விகிதம், பரப்பளவு, விலங்குகள் முன்பே அறிமுகமானவையா என்ற மூன்றையும் குறித்துக்கொண்டு பிறகு முடிவுரையைப் படியுங்கள்.