உதவி: கதிர்க்கல் ரசவாதத்துக்கு விலை வைப்பது எப்படி?

ஒளிப்பித்தன்:
ஒரு கற்பனை உலகத்தை எழுதிக்கொண்டிருக்கிறேன். அங்கே ரசவாதத்துக்குக் கதிர்வாதம் என்று பெயர். இரும்பைப் பொன்னாக்கும் வேலை கிடையாது. கதிர்க்கல்லை வெயிலில் வைத்தால் ஒளியைக் குடித்துக்கொள்ளும். அப்புறம் இருட்டறையில் சூடாக்கினால் குடித்த ஒளி காலமாகக் கசியும். அது எதன் மேல் படுகிறதோ அதன் வயது பின்னோக்கிப் போகும். துருப்பிடித்த வாள் பளபளக்கும், வாடிய பூ மொட்டாகும்.

சிக்கல் என்னவென்றால், வெயில் இலவசம். கூரை மேல் கற்களைப் பரப்பி வைத்தால் யாருமே சாக வேண்டியதில்லை. வில்லனுக்கும் அதே வசதி. மூன்றாம் அத்தியாயத்திலேயே கதை படுத்துவிட்டது. ‘ஒவ்வொரு தடவையும் கதிர்வாதியின் ஆயுள் குறையும்’ என்பது மட்டும் வேண்டாம், அரைத்த மாவு. கல்லின் குணத்திலிருந்தே விலை வர வேண்டும்.

அரைநாழிகை:
கல்லை அரிய பொருளாக்கிவிடுங்கள். ஒரே மலை, ஒரே சுரங்கம், காவலுக்கு ராஜாவின் படை. முடிந்தது.

ஒளிப்பித்தன்:
அப்படிச் செய்தால் சுரங்கச் சண்டைக் கதையாகிவிடுமே. ரசவாதம் ஓரமாய்ப் போய்விடும்.

குடுவை:
நிஜத்திலேயே இப்படி ஒரு கல் இருந்திருக்கிறது. 1600களின் தொடக்கத்தில் இத்தாலியின் பொலோனியாவில் வின்சென்சோ காஷாரோலோ என்று ஒரு செருப்புத் தைப்பவர். ரசவாதக் கிறுக்கும் உண்டு. பக்கத்து மலையில் கிடைத்த கனமான கல்லில் பொன் எடுக்கலாம் என்று கரியோடு சேர்த்துச் சுட்டார். பொன் வரவில்லை. ஆனால் அந்தக் கல்லை வெளிச்சத்தில் காட்டிவிட்டு இருட்டுக்குள் கொண்டுபோனால் தணல் மாதிரி ஒளிர்ந்தது. கல்லின் பெயர் பேரைட். சுடும்போது பேரியம் சல்பைடாக மாறியதுதான் சங்கதி.

அதன் குறைகளை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். கொஞ்ச நேரத்தில் மங்கிவிடும். ஓர் அளவுக்கு மேல் குடிக்காது, பகல் முழுக்கக் காய வைத்தாலும் நிரம்பியது நிரம்பியதுதான். ஈரம் பட்டால் அழுகிய முட்டை நாற்றத்தோடு கெட்டுப்போகும்.

மணல்கடிகை:
குடுவை சொல்வது சரி. ஆனால் கல் சீக்கிரம் மங்கினால் கதைக்குப் பரபரப்புதான் வரும், விலை வராது. என்னைக் கேட்டால் திசையையே திருப்பிப் போடுங்கள்.

தொல்லியலில் மணலின் வயதைக் கணிக்க ஒரு முறை இருக்கிறது. மண்ணுக்கடியில் கிடக்கும் குவார்ட்ஸ் மணல்மேல், சுற்றியுள்ள யுரேனியம், தோரியம், பொட்டாசியத்தின் கதிர்வீச்சு மெல்ல மெல்லப் பட்டுக்கொண்டே இருக்கும். அதனால் படிகத்தின் குறைபாடுகளில் எலெக்ட்ரான்கள் சிக்கிச் சேரும். ஆய்வகத்தில் அதன்மேல் ஒளியைப் பாய்ச்சினால் சிக்கியவை விடுபட்டு, மணலே மங்கலாக ஒளிரும். அந்த ஒளியை அளந்து, மண்ணின் கதிர்வீச்சையும் கணக்கில் எடுத்தால், அந்த மணல் கடைசியாக எப்போது வெயிலைப் பார்த்தது என்று தெரிந்துவிடும். அதனால்தான் மாதிரி எடுப்பவர்கள் ஒளி புகாத குழாயை மண்சுவரில் அடித்து இறக்குவார்கள். பிரிப்பது மங்கிய சிவப்பு விளக்கில். சில நிமிட வெயில் பட்டால் போதும், சேர்ந்த கணக்கெல்லாம் காலி.

உங்கள் கல்லும் இருட்டில் காலத்தைச் சேர்க்கட்டும், வெயில் அதைத் திறக்கட்டும். பத்தாண்டைத் திருப்ப வேண்டுமானால் பத்தாண்டு புதைந்து கிடந்த கல் வேண்டும். பாட்டி புதைத்ததைப் பேத்திதான் எடுப்பாள். திறந்தால் முழுதும் போய்விடும், பாதியை மிச்சம் பிடிக்க முடியாது. பெட்டி இடுக்கில் ஒரு கீற்று வெளிச்சம் நுழைந்தால் பரம்பரைச் சொத்து போச்சு. முக்கியமாக, வாங்குகிறவன் பகலில் திறந்து பார்க்கவே முடியாது.

ஒளிப்பித்தன்:
அடடா! வெறுங்கல்லை நிரம்பிய கல் என்று விற்கிற ஒரு கூட்டமே கிளம்புமே. சரி, ஒரு சந்தேகம். வில்லன் மலையைக் குடைந்து ஆதிகாலக் கற்களை அள்ளினால்?

மணல்கடிகை:
குவார்ட்ஸும் முடிவில்லாமல் சேர்க்காது. சிக்கவைக்கும் இடங்கள் நிரம்பினால் அதோடு சரி, அதற்கு மேல் வயது சொல்லாது. உங்கள் கல்லுக்கு அந்த வரம்பை நாற்பது ஆண்டு என்று வையுங்கள். மலைக்கல்லும் நாற்பதுதான், பாட்டி கல்லும் நாற்பதுதான். மலையைக் குடையும்போது ஒரு பந்தத்தைக் கொளுத்தினாலும் எதிரே உள்ள பாறை முகம் வெறுங்கல். வில்லனின் ஆட்கள் கும்மிருட்டில் தடவித் தடவித்தான் வெட்ட வேண்டும்.

குடுவை:
சிவப்பு விளக்கு அவர்கள் கைக்குப் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கல்லைத் திறக்காத அந்தச் செங்கண்ணாடியை வார்க்கத் தெரிந்தவர்கள் கதிர்வாதிகள் மட்டும்தான் என்று வைத்தால், வில்லன் எதைத் திருட வருவான் என்பதும் முடிவாகிவிடும்.

அரைநாழிகை:
போலிக் கல்லைக் கண்டுபிடிக்க வழி உண்டு. செங்கண்ணாடி விளக்கில் கல்லின் ஓரத்தைச் சீவி, சீவலை மட்டும் வெயிலில் ஒரு வாடிய இலைமேல் வைத்துப் பார்க்கலாம். ஒவ்வொரு சோதனைக்கும் கல் தேயும். இதற்கென்றே ஒரு தொழில்காரர் இருக்கட்டும்.

ஒளிப்பித்தன்:
அந்தச் சீவல்காரரை எடுத்துக்கொள்கிறேன். சீவலைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருடிச் சேர்க்கிற ஆளாக அவரை எழுதினால் கதைக்கு இன்னொரு கை கிடைக்கும்.