அபாயக் கூலியை வைத்து உயிரை மதிப்பிட முடியுமா?

மேலூர்க்காரன்: எங்கள் பக்கம் கல்குவாரியில் வெடி வைக்கிறவருக்குக் கூலி கொஞ்சம் அதிகம். அந்த வித்தியாசத்தை வைத்துத்தான் பொருளாதார நிபுணர்கள் உயிரின் மதிப்பைக் கணக்கிடுகிறார்கள் என்கிறார்களே, உண்மையா?

வைகைக்கரை: உண்மைதான், ஆனால் தனி ஒருவருக்குப் போடும் விலை இல்லை அது. ஆண்டுக்கு 10,000 பேரில் ஒருவர் கூடுதலாக இறக்கக்கூடிய வேலைக்கு ஆளுக்கு வருடம் 5,000 ரூபாய் அதிகம் கிடைக்கிறது என்று வையுங்கள் (சும்மா ஒரு உதாரணம்), 10,000 பேருக்கும் கூட்டினால் 5 கோடி, யார் என்று தெரியாத அந்த ஒரு சாவுக்கு ஈடாக வரும் அதைத்தான் ஒரு புள்ளியியல் உயிரின் மதிப்பு என்கிறார்கள். வயது, படிப்பு, அனுபவத்தால் வரும் கூலி வித்தியாசத்தை முதலில் பிரித்துவிட வேண்டும், கஷ்டமே அங்கேதான். அமெரிக்காவில் கிப் விஸ்குசி என்ற பொருளாதார நிபுணர் இதில் முன்னோடி.

திருமங்கலம்: சிவகாசியில் பட்டாசு மருந்து கலக்கிற அக்காவுக்கு அபாயம் எவ்வளவு என்று யார் சொன்னார்கள்? வேறு வேலை கிடைக்காமல்தானே போகிறார்!

வைகைக்கரை: நியாயமான கேள்வி. அபாயம் தெரிந்திருக்க வேண்டும், வேறு வேலைக்கு மாற வழியும் இருக்க வேண்டும், இந்த முறை அதை நம்பித்தான் நிற்கிறது. இரண்டும் இல்லாத இடத்தில் மதிப்பு குறைவாகவே வரும், அந்த எண்ணைக் காட்டிப் பாதுகாப்புச் செலவைக் குறைப்பது அநியாயம். அப்புறம், வேலையில் விபத்து நேர்ந்தால் தரும் இழப்பீட்டுக்கான சட்டத்தில் வயதையும் சம்பளத்தையும் வைத்துப் போடும் தொகை வேறு, அதை இதோடு குழப்ப வேண்டாம்.