மிகக் குறுகிய படங்களின் பன்னாட்டுத் தொகுப்பு: அட்டைக்கு ஒரு சொல் வேண்டும்

முதல் மடல்

அன்புள்ள குழுவினர்க்கு வணக்கம்.

பல நாட்டு இயக்குநர்கள் எடுத்த மிகச் சிறிய படங்கள் ஒரே நிரலாகத் திரையிடப்படவிருக்கின்றன; எதுவும் மூன்று நிமிடத்தைத் தாண்டாது. அதற்கான கையேட்டைத் தமிழாக்கும் பொறுப்பு என்னுடையது. நாளை மறுநாள் மாலைக்குள் அச்சுக்குப் போக வேண்டும், ஆனால் அட்டையில் இடவேண்டிய பெயரே இன்னும் அமையவில்லை.

குறும்படம் என்ற சொல் நிலைத்துவிட்டது என்பதை அறிவேன். ஆனால் ஆஸ்கர் விதிப்படி, பங்களித்தோர் பெயர்கள் ஓடும் நேரத்தையும் சேர்த்து 40 நிமிடம் வரை ஓடுவதும் குறும்படம்தான். கையேட்டின் முதல் பத்தியோ அத்தகைய படத்துக்கும் ஒரு நிமிடப் படத்துக்கும் உள்ள வேறுபாட்டைத்தான் பேசுகிறது. இரண்டையும் ஒரே சொல்லால் குறித்தால் அந்தப் பத்தியே பொருளற்றுப் போகும். ஆந்தாலஜி என்பதற்கு முதற்படியில் 'குறும்படத் தொகை' என்று எழுதியிருந்தேன். மெய்ப்புப் பார்த்தவர் அதன் கீழ் பென்சிலால் கோடிட்டு, 'எவ்வளவு என்று குறிப்பிடவில்லையே?' என்று ஓரத்தில் எழுதி அனுப்பினார். கவனமாகப் படிப்பவர் அவர். அவருக்கே அது பணமாகத் தோன்றியது என்றால் மற்றவர்களைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. படத்துக்கு ஒன்று, தொகுப்புக்கு ஒன்று என இரண்டு சொற்கள் தந்து உதவுங்கள்.

இரண்டாம் மடல்

ஐயா, வணக்கம். ஒரு மெய்ப்புக் குறிப்புக்காகத் தொகை என்னும் சொல்லைக் கைவிட்டுவிடாதீர்கள் என்பதே என் முதல் வேண்டுகோள்.

அணியிலக்கண நூலான தண்டியலங்காரம் செய்யுளை முத்தகம், குளகம், தொகைநிலை, தொடர்நிலை என நான்காக வகுக்கிறது. அவற்றுள் பாடல்களின் தொகுப்பான தொகைநிலை ஒருவர் பாடியதாகவும் இருக்கலாம், பலர் பாடியதாகவும் இருக்கலாம். பொருள், இடம், காலம், தொழில் ஆகியவற்றாலும், பாட்டின் வகையாலும், அளவாலும் அது தொகுக்கப்படும். இந்தப் பகுப்பைத் திரைப்படத்தின் மேல் வைத்துப் பாருங்கள். பாரிஸ் நகரின் பகுதிகளை வைத்து 2006இல் பதினெட்டுப் படங்களைக் கோத்து வந்தது இடத்தால் அமைந்த தொகை. சினிமாவின் நூற்றாண்டையொட்டி 1995இல் லூமியேர் சகோதரர்களின் பழைய கருவியையே உலக இயக்குநர்கள் பலரிடம் கொடுத்து, 52 நொடிக்கு மிகக் கூடாது, உடன் ஒலிப்பதிவு கூடாது, மூன்று முறைக்கு மேல் எடுக்கக் கூடாது என்று வரம்பிட்டார்களே, அது அளவால் அமைந்த தொகை. அளவுக்கு உரைகாரர் காட்டும் எடுத்துக்காட்டு குறுந்தொகை. மூன்றடி முதல் ஆறடி வரை ஐங்குறுநூறு, நான்கு முதல் எட்டு வரை குறுந்தொகை, ஒன்பது முதல் பன்னிரண்டு வரை நற்றிணை, பதின்மூன்று முதல் முப்பத்தொன்று வரை அகநானூறு என்று அடிகளை எண்ணித் தொகுத்தவர்கள் நம் முன்னோர். ஐங்குறுநூற்றில் ஐந்து புலவர்கள் ஆளுக்கொரு திணையை எடுத்துக்கொண்டு நூறு நூறாகப் பாடியிருக்கிறார்கள். இத்தனை பொருந்திய சொல்லை வங்கிக்கும் காப்பீட்டுக்கும் விட்டுக்கொடுப்பது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

படத்துக்கு வருவோம். தொல்காப்பியர், எழுத்தொலியின் கால அளவான மாத்திரைக்கு அளவாகக் கண்ணிமையையும் நொடியையும் சொன்னார். கண் இமைப்பதைக் கொண்டு காலத்தை அளந்த மொழியில் கண்ணால் காணும் கலைக்கு அளவுச்சொல் கிடைக்காமல் போகாது. ஆகவே முதலில் 'நொடிப்படம்' என்று எண்ணினேன். நொடி என்பதற்கு விடுகதை என்ற பொருளும் உண்டு, மிகச் சிறிய படங்கள் பல விடுகதை போலவே முடிகின்றன என்பதும் என்னை ஈர்த்தது. ஆனால் மூன்று நிமிடப் படத்தை நொடியில் அடக்குவது பொருந்தாது. பழமொழியாகிய முதுமொழிக்கு இலக்கணம் கூறும்போது தொல்காப்பியத்தின் செய்யுளியல் 'நுண்மையும் சுருக்கமும் ஒளியுடைமையும்' என்று தொடங்குகிறது. ஒளியால் ஆன கலைக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? 'நுண்படம்', 'நுண்படத் தொகை' என்பவை என் பரிந்துரை. தனித்து நின்று பொருள் முடிவதால் முத்தகம் என்றும் சொல்லலாம், ஆனால் அது வடசொல், நான் தரமாட்டேன்.

மூன்றாம் மடல்

வணக்கம். படங்களுக்குத் தமிழ்த் துணையுரை எழுதுபவள் என்ற முறையில் ஐயாவின் மடலை இரண்டு முறை படித்தேன். தண்டியலங்காரப் பகுப்பு இவ்வளவு பொருந்தும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. ஆயினும் நுண்படம் என்றவுடன் அறிவியல் படித்தவருக்கு நுண்ணோக்கியில் எடுத்த படமும், நூலகத்தாருக்குப் பழைய இதழ்களைச் சுருக்கிப் பதிந்த சுருளும்தான் நினைவுக்கு வரும். விளக்கம் கேட்ட பிறகே விளங்கும் சொல், திரையின் அடியில் இரண்டு வரியாகத் தோன்றி மூன்று நொடியில் மறையும் இடத்தில் பயன்படாது. குறு, சிறு என்ற அடைகளை நம்புவதற்கும் வழியில்லை. சிறுகதையைவிடச் சிறியது குறுங்கதை, ஆனால் குறுநாவல் சிறுகதையைவிடப் பெரியது.

ஐக்கூவைத் துளிப்பா என்று பலர் எழுதிப் பழகிவிட்டார்கள். அதே வழியில் 'துளிப்படம்' என்று சொன்னால் யாரும் விளக்கம் கேட்கமாட்டார்கள். துளியின் ஆற்றலைச் சொல்ல 'விசும்பின் துளிவீழின் அல்லால்' என்ற குறள் போதும்.

தொகுப்புக்குரிய சொல்லில் ஒரு நுட்பம் இருக்கிறது. தமிழில் கடைசியில் நிற்கும் சொல்தான் தலைமைச் சொல். படத்தொகை என்றால் அது தொகை. தொகைப்படம் என்றால் அது படம். 2002இல் பதினொரு இயக்குநர்களிடம் ஆளுக்குப் பதினொரு நிமிடம், ஒன்பது நொடி, ஒரு பிரேம் என்று அளந்து கொடுத்து உருவாக்கிய படைப்பு ஒரே படமாக வெளிவந்தது. அதைத் தொகைப்படம் என்றால் பணம் என்ற மயக்கமும் குறைகிறது. முன்பே தனித்தனியாக எடுக்கப்பட்ட படங்களைத் தேர்ந்து சேர்த்தால் அது திரட்டு. பல நூல்களிலிருந்து பாடல்களைத் தேர்ந்தெடுத்த புறத்திரட்டு அப்படித்தான் பெயர் பெற்றது. கையேட்டில் உள்ளவை எந்த வகை என்பதை முதலில் சொல்லுங்கள்.

நான்காம் மடல்

அனைவருக்கும் நன்றி. படங்கள் முன்பே எடுக்கப்பட்டவை, இந்த நிரலுக்காகப் பணித்து எடுக்கப்பட்டவை அல்ல. ஆகவே அட்டையில் 'பன்னாட்டுத் துளிப்படத் திரட்டு' என்று இட்டிருக்கிறேன். தனிமடலில் ஐவர் இதற்கு உடன்பட்டார்கள். அவர்களில் இருவர் வேறு வழியில்லை என்றே உடன்பட்டார்கள். பன்னாட்டு என்பது நிறுவனங்களை நினைவூட்டுகிறது, அனைத்துலக என்று இடலாமே என்றார் ஒருவர். எல்லா நாடுகளும் இதில் இல்லாததால் பன்னாட்டு என்பதையே வைத்துக்கொண்டேன். உள்ளே, பணித்து எடுக்கப்பட்டவற்றைப் பேசும் பத்தியில் தொகைப்படம் வருகிறது.

இரண்டாம் மடல் எழுதிய ஐயா உடன்படவில்லை. பணமென்று தோன்றுவதற்காகத் தொகையை விலக்கினால், நாள்தோறும் நிதி திரட்டுகிறோமே, திரட்டு மட்டும் எப்படித் தப்பியது என்று கேட்டிருக்கிறார். இதற்கு என்னிடம் நல்ல விடை இல்லை. துளியைப் பற்றி அவர் எழுப்பிய தடை இன்னும் வலுவானது. அந்தக் குறளில் துளி மழையைக் குறிக்கிறது, சினை முதலுக்கு ஆகிவந்தது, அதாவது பகுதியின் பெயர் முழுமைக்கு நின்றது. எனவே துளிப்படம் என்றால் ஏதோ ஒரு பெரிய படத்திலிருந்து நறுக்கியது என்ற பொருள் தொனிக்கும், தன்னளவில் நிறைந்த படைப்புக்கு அந்தப் பெயர் இழுக்கு என்கிறார். கையேட்டின் முதல் பத்தி வலியுறுத்துவதும் அந்த நிறைவைத்தான் என்பதால் இது என்னை விடாமல் உறுத்துகிறது. அவர் கேட்டுக்கொண்டபடி, இறுதியிலுள்ள சொற்பட்டியலில் துளிப்படத்துக்கு அருகில் நுண்படம் என்பதையும் மாற்றுச்சொல்லாகச் சேர்த்துவிட்டேன்.

நாளை மாலை ஆறு மணிக்குக் கோப்பு அச்சகத்துக்குப் போகிறது. துளியை மழையின் கூறாக அல்லாமல் தனித்து முழுமையானதாகக் காட்டும் பழம்பாட்டு ஏதாவது உங்கள் நினைவில் இருந்தால் அதற்குள் அனுப்புங்கள். ஐயாவிடம் காட்ட வேண்டும்.