காணி வழக்கில் இடைக்காலத் தடையுத்தரவு: மேல் நீதிமன்றம் வரை சென்றவர்களின் அனுபவங்கள்

கோண்டாவிலிலிருந்து ஓர் உறுப்பினர்

எங்கள் காணிக்கும் அயல் காணிக்கும் பொதுவாக ஒரு கிணறும் அதற்குச் செல்லும் கையொழுங்கையும் உண்டு. கிணற்றுப் பங்கும் வழி வாய்க்கால் உரிமையும் பழைய காணி உறுதிப் பத்திரத்திலேயே எழுதப்பட்டிருந்தன. ஆயினும் அயல் காணியைப் புதிதாக வாங்கியவர் ஒழுங்கையை மறித்து மதிலுக்கு அத்திவாரம் வெட்டத் தொடங்கியதால், மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தாக்கல் செய்தோம். எதிராளியைக் கேளாமலே முதலில் வழங்கப்படும் குறுங்காலத் தடைக்கட்டளை உடனே கிடைத்தது. அது ஒரு தடவைக்கு 14 நாட்களுக்கு மேல் நிற்காது. நீடிப்பதானால் நீதிபதி காரணத்தைப் பதிய வேண்டும். இரு தரப்பையும் கேட்டபின், உறுதியிலுள்ள எல்லைகள் நில அளவைப் படத்துடன் பொருந்தவில்லை என்று கூறி, வழக்கு முடியும் வரை நிற்கும் இடைக்காலத் தடையுத்தரவை நீதிமன்றம் மறுத்துவிட்டது.

அக்கட்டளைக்கு எதிராக மேன்முறையீட்டு அனுமதி கோரும் மனுவை 14 நாட்களுக்குள் கொடுக்க வேண்டும். ஞாயிறும் பொது விடுமுறையும் அதில் சேரா. 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்துக்கு முன்னர் இதற்குக் கொழும்புக்கே போக வேண்டியிருந்தது. இப்போது யாழ்ப்பாணத்திலேயே குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம் இருக்கிறது.

அங்கே ஒழுங்கை யாருடையது என்று எவரும் கேட்கவில்லை. பாட்டன் காலக் கதைகளைச் சொல்லத் தயாராக வந்திருந்த என் பெரியப்பாவுக்கு அது பெரிய ஏமாற்றம். கீழ் நீதிமன்றம் கேட்டிருக்க வேண்டிய கேள்விகளைக் கேட்டதா என்பதையே இரு நீதிபதிகளும் ஆராய்ந்தனர். தீர்க்கப்பட வேண்டிய பாரதூரமான பிரச்சினை ஒன்று உண்டா, வழக்காளிக்கு நிவாரணம் கிடைக்கும் சாத்தியம் தென்படுகிறதா என்ற அளவுகோல், 1929இல் தீர்க்கப்பட்ட ஜினதாச எதிர் வீரசிங்க வழக்கிலிருந்து வருகிறது. அதன் பிறகே, தடை கொடுத்தால் யாருக்கு, கொடாவிட்டால் யாருக்கு அதிக இடர் என்ற ஒப்பீடும், தடை கேட்பவரின் நடத்தையும் வரும். இறுதி விசாரணையில் காட்ட வேண்டிய நிரூபணத்தை ஆரம்பத்திலேயே கேட்டதும், மதில் எழும்பினால் தண்ணீருக்கு வழியில்லை என்பதைக் கட்டளையில் தொடாததும் பிழை என்று கண்டு, வழக்கு முடியும் வரை தடை விதித்தனர். எல்லைப் பிரச்சினை இன்னும் மாவட்ட நீதிமன்றத்தில்தான் நடக்கிறது.

சாவகச்சேரியிலிருந்து ஓர் உறுப்பினர்

நான் மறுபக்கத்தில் நின்றவன். கூட்டுச் சொத்தாகக் கிடந்த காணியில் நான் வேலி அடைத்ததற்காக என் ஒன்றுவிட்ட அண்ணன் குறுங்காலத் தடைக்கட்டளை பெற்றிருந்தார். அதே காணி தொடர்பாக முன்னர் நீதவான் நீதிமன்றத்தில், 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் (காணி யாருடைய உடைமையில் இருக்கிறது என்று தீர்க்கும் பிரிவு) நடந்த வழக்கில் எனது உடைமை உறுதிசெய்யப்பட்டிருந்ததை அவருடைய சத்தியக்கடதாசி (சத்தியம் செய்து ஒப்பமிடும் எழுத்து வாக்குமூலம்) சொல்லவே இல்லை. மேலே ஓடாமல், குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 666ஆம் பிரிவின்படி, கட்டளையிட்ட நீதிமன்றத்திடமே அதை நீக்கும்படி என் சட்டத்தரணி கேட்டார். முன்னைய வழக்கின் பதிவேட்டைக் கண்டதும் நீதிபதி தடையை நீக்கினார். அண்ணன் மேன்முறையீட்டு அனுமதி கேட்டபோதும், முக்கிய விடயத்தை மறைத்தவர் நியாயம் கோரி வரமுடியாது என்றே அது நிராகரிக்கப்பட்டது. அந்தக் காலத்தில் நின்றுபோன வேலைக்கான நட்டத்தை 667ஆம் பிரிவின் கீழ் கேட்கலாம் என்று சட்டத்தரணி சொன்னார். உறவு கருதி நான் கேட்கவில்லை.

லண்டனிலிருந்து ஓர் உறுப்பினர்

எங்கள் ஊர்க் காணிக்கு அற்றோணித் தத்துவம் (எங்களுக்காகச் செயற்படும் எழுத்து அதிகாரம்) வைத்திருந்த மைத்துனர், தான் ஒருபோதும் காணாத உடைமையைப் பற்றித் தன் நேரடி அறிவு என்றே சத்தியக்கடதாசி முடித்தார். கீழே தோற்று மேலே போனபோது, இருபது வருடங்களாகத் தோட்டம் செய்த குத்தகைக்காரரின் சத்தியக்கடதாசியைப் புதிதாகச் சேர்க்க முயன்றோம். கீழ் நீதிமன்றத்தின் முன் இருந்தவற்றை வைத்தே கட்டளையைச் சோதிப்போம் என்று சொல்லி மேல் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அந்தக் குத்தகைக்காரர் முதல் நாளிலேயே ஒப்பமிட ஆயத்தமாக இருந்தவர். அவரை எவரும் கேட்கவில்லை.