நாட்டுச் சர்க்கரை போட்டா அது சாக்லேட் சிப் குக்கீயா?

அஸ்தம்பட்டி அக்கா:
ஞாயித்துக்கிழமை மத்தியானம் தட்டுல 12 உருண்டை வெச்சு ஓடிஜி அடுப்புக்குள்ள தள்ளுனேன். பத்து நிமிஷம் கழிச்சுப் பார்த்தா உருண்டையே இல்லை, தட்டு முழுக்க ஒரே ரொட்டி! ஓரமெல்லாம் கருகல், நடுவுல வெண்ணெய் மினுமினுக்குது. செஞ்சது பழைய அமெரிக்க முறைதான். மைதா, வெண்ணெய், முட்டை, சமையல் சோடா, வெள்ளைச் சர்க்கரை பாதி, பிரவுன் சுகர் பாதி, சாக்லேட் துண்டு. நான் மாத்தினது ஒண்ணே ஒண்ணு, பிரவுன் சுகர் இருக்க வேண்டிய இடத்துல நாட்டுச் சர்க்கரை. அதான் கெடுத்துச்சுங்கிறது என் முடிவு. அது கச்சாயத்துக்கும் பணியாரத்துக்கும் சரி, குக்கீக்கு ஆகாது.

செவ்வாய்ப்பேட்டை மளிகை:
அக்கா, சர்க்கரை மேல பழி போடறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லுங்க. வெண்ணெயை எங்க வெச்சிருந்தீங்க?

அஸ்தம்பட்டி அக்கா:
அடுப்பு மேடை மேலதான், காலைலயே எடுத்து வெச்சேன். ரூம் டெம்பரேச்சர்லதானே இருக்கச் சொல்றாங்க?

செவ்வாய்ப்பேட்டை மளிகை:
எந்த ஊரு ரூமுங்க அது? அவங்க சொல்றது 20 டிகிரி சொச்சம், விரல் வெச்சா லேசாப் பள்ளம் விழணும், அவ்வளவுதான். நம்ம சேலத்து வெயில் காலத்துல மத்தியானம் அடுப்படிக்குள்ள நிக்க முடியுதா? 32, 33 டிகிரி வந்தாலே வெண்ணெய் உருகப் பார்க்கும். உங்க மாவு ஓடிஜிக்குள்ள போறதுக்கு முன்னாடியே பாதி உருகியாச்சு. மைதா வெந்து இறுகறதுக்குள்ள கொழுப்பு ஓடிடுச்சு. இதுல சர்க்கரை என்னங்க பண்ணும்?

குகைக்காரன்:
மளிகை அண்ணா, கடைச் சரக்கை விட்டுக்கொடுக்க மாட்டீங்களே! பிரவுன் சுகர்ல இருக்கிற கரும்புப்பாகுக்கு லேசான புளிப்பு உண்டு. சோடா பொங்கறதே அந்தப் புளிப்பைப் பிடிச்சுத்தான். நாட்டுச் சர்க்கரைக்குச் சாறு காய்ச்சறப்ப சுண்ணாம்பு போட்டு அழுக்கு எடுக்கறாங்க, அப்ப புளிப்பும் அடங்கிடும். ரெண்டும் ஒண்ணாகாது. அதோட, பழைய முறைன்னா நடுவுல மெத்துனு இருக்கணும். இதை முதல்ல செஞ்ச அமெரிக்க அம்மாவே ஏதோ தீர்ந்துபோச்சுன்னு சாக்லேட்டை உடைச்சுப் போட்டு, அது கரையாம நின்னு தற்செயலா வந்த பண்டம். அதுல நம்ம கைவேலை எதுக்கு?

மலைமேல மிளகு:
தம்பி, சுண்ணாம்பு விஷயம் சரி. மத்த ரெண்டும் தப்பு. அந்தம்மா பேரு ரூத் வேக்ஃபீல்ட், மனையியல் படிச்சுத் தேர்ந்தவங்க. மாசசூசெட்ஸ்ல விட்மன் ஊர்ல டோல் ஹவுஸ்னு விடுதி நடத்தினாங்க. யோசிச்சுத்தான் செஞ்சேன்னு அவங்களே சொல்லியிருக்காங்க. தற்செயல்ங்கிறதெல்லாம் பின்னாடி ஒட்டின கதை. 1930கள் கடைசியில அவங்க போட்ட குறிப்புல பேரே சாக்லேட் க்ரன்ச் குக்கீ. அரை டீஸ்பூன் மாவு கிள்ளி வெச்சு, 375 ஃபாரன்ஹீட், நம்ம கணக்குல 190 டிகிரி, 10–12 நிமிஷம். ஒரு கலவைக்கு 100 குக்கீ வரும். கடிச்சா நொறுங்கணும். மெத்துனு உள்ளங்கை அகலத்துக்கு வர்றதெல்லாம் பின்னாடி வந்த மோகம்.

மளிகைக்காரருக்கும் ஒண்ணு. வெண்ணெய்தான் எல்லாத்துக்கும் காரணம்னா, ஏற்காட்டுல எனக்கு எதுக்கு மாவு பரவணும்? மார்கழில வெண்ணெயைக் கத்தி வெச்சுத்தான் வெட்டறேன். ஆனாலும் முதல் ரெண்டு தடவை பரவிடுச்சு. 1500 மீட்டர் உயரத்துல காத்தழுத்தம் கம்மி. சோடாவோட வாயு அதிகமா விரிஞ்சு மாவைத் தள்ளிட்டு அமுங்கிடும். தண்ணியும் சீக்கிரம் ஆவியாகி, மாவுல சர்க்கரை வீரியம் ஏறிடும். சோடாவுல கால் பங்கு குறைச்சு, சர்க்கரைல ஒரு ஸ்பூன் எடுத்து, மைதா ரெண்டு ஸ்பூன் கூட்டினதும் நின்னுச்சு. அக்கா கீழ சேலத்துல, 20 கொண்டை ஊசி வளைவுக்கு அந்தப் பக்கம். அவங்களுக்கு இந்தக் கணக்கு வேண்டாம்.

ஐந்து ரோடு:
வெண்ணெயே வேண்டாம், நெய் ஊத்துங்க.

செவ்வாய்ப்பேட்டை மளிகை:
நெய்யில தண்ணியே கிடையாதுங்க. வெண்ணெயில நூத்துக்கு 16 பங்கு தண்ணி. நெய் போட்டா மணல் மணலா நான்கட்டாய் வரும். அதுவும் நல்லாத்தான் இருக்கும், ஆனா பேரை மாத்திக்குங்க.

குகைக்காரன்:
நொறுங்கறதுன்னே வெச்சுக்கறேன். வாசம்? நாட்டுச் சர்க்கரை போட்டா கமர்கட்டு வாசம் தூக்கும்.

அஸ்தம்பட்டி அக்கா:
மூணு நாளா மண்டைக்குள்ள இதே ஓட்டம். நேத்து ரெண்டு கலவை போட்டேன். ஒண்ணு நாட்டுச் சர்க்கரை, மாவை ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜ்ல வெச்சு, வெளிய எடுத்ததும் கிள்ளி வெச்சது. இன்னொண்ணு கடையில வாங்கின பிரவுன் சுகர், மாவு மேடை மேலயே கிடந்தது. பிரவுன் சுகர் கலவை மறுபடி ரொட்டி. நாட்டுச் சர்க்கரை உருண்டை உருண்டையா நின்னுச்சு, ஓரம் மொறுமொறுன்னு. சரி, பரவினதுக்குச் சர்க்கரை காரணமில்லை, ஒத்துக்கறேன்.

ஆனா ருசில குகைத் தம்பி சொன்னதுதான். வாயில வெச்சதும் வெல்லம் முன்னாடி வந்து நிக்குது, சாக்லேட் அதுக்குப் பின்னாலதான். எங்க வீட்டுக்காரர் அதைத்தான் தேடித் தேடித் தின்னார், அது வேற கதை. அடுத்த தடவை நாட்டுச் சர்க்கரை கால் பங்குதான், மீதி வெள்ளை.

இன்னொண்ணு, இந்தத் தடவை சலிச்சுப் போட்டேன். ரெண்டு கரும்புச் சக்கைத் துரும்பு, கடுகளவு ஒரு கல்லு.

செவ்வாய்ப்பேட்டை மளிகை:
அக்கா, எங்க வாங்கினீங்கன்னு மட்டும் இங்க எழுதிடாதீங்க.