கிளாஸ்னு வேரியபிளுக்கு பேர் வெச்சா எரர் வருது, லிஸ்ட்னு வெச்சா ஏன் வரல?

புது_நிரலர்:

வணக்கம் எல்லாருக்கும். பைத்தான் கத்துக்க ஆரம்பிச்சு ரெண்டு மாசம்தான் ஆகுது, மாணவர்களோட மார்க் இருக்கிற ஒரு சிஎஸ்வி ஃபைலைப் படிச்சு வகுப்பு வாரியா சராசரி எடுக்கிற மாதிரி சின்னதா ஒண்ணு எழுதிட்டு இருக்கேன். ஃபைலோட முதல் வரியில கிளாஸ்னு ஒரு தலைப்பு இருக்கு, சரி அதே பேரையே வேரியபிளுக்கும் வெப்போம்னு இப்படி எழுதினேன் (மொபைல்ல டைப் பண்றதால கோட் வார்த்தையையும் தமிழ்லயே அடிச்சிருக்கேன், கம்ப்யூட்டர்ல எல்லாம் இங்கிலீஷ் எழுத்துலதான் இருக்கு):

கிளாஸ் = ரோ["கிளாஸ்"]

ரன் பண்ண உடனே "சின்டாக்ஸ் எரர்: இன்வேலிட் சின்டாக்ஸ்". அந்த குட்டி அம்பு சமக்குறிக்கு கீழ நிக்குது, அதனால சமக்குறியிலதான் ஏதோ தப்புன்னு நெனச்சு ஸ்பேஸை எடுத்துப் பார்த்தேன், ரெண்டு சமக்குறி போட்டுப் பார்த்தேன், ஒண்ணும் நடக்கல. கடைசியில முதல் எழுத்தை மட்டும் கேப்பிடல் ஆக்கினேன், உடனே ஓடிடுச்சு. ஏன்னு புரியல.

இதோட முடியல. அதே நோட்புக்ல (கோடை செல் செல்லா பிரிச்சு ஓட்டற பக்கம்) மார்க்கையெல்லாம் சேர்த்து வைக்க லிஸ்ட் = [] னு போட்டேன், அதுக்கு எந்த எரரும் வரல, நல்லாத்தான் ஓடுச்சு. ஆனா நாலஞ்சு செல் தள்ளி லிஸ்ட்(செட்(பேர்கள்)) னு எழுதினப்போ "டைப் எரர்: லிஸ்ட் ஆப்ஜெக்ட் இஸ் நாட் காலபிள்"னு வந்துச்சு. மேல எழுதின வரியை அழிச்சுட்டு மறுபடி ஓட்டினாலும் அதே எரர்தான் வருது! அழிச்ச வரி எப்படி இன்னும் வேலை செய்யும்? ஒரு சாயங்காலம் முழுக்க இதுலயே போயிடுச்சு. ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்னு யாராவது சொன்னா நல்லா இருக்கும்.


அடைப்புக்குறி:

உங்களுக்கு வந்தது ரெண்டு தனித்தனி பிரச்சனை, வெளியில பார்க்க ஒரே மாதிரி இருக்கு அவ்வளவுதான்.

கிளாஸ்ங்கிறது பைத்தானுக்கு ரிசர்வ்டு கீவேர்ட், அதாவது மொழி தனக்குன்னு ஒதுக்கி வெச்சிருக்கிற வார்த்தை, அதை நாம பேரா வெக்க முடியாது. இஃப், ஃபார், வைல், இம்போர்ட், ஃப்ரம், பாஸ், லாம்டா இதெல்லாம் அந்த ஜாதிதான். பைத்தான் 3.7ல இருந்து இந்த மாதிரி மொத்தம் 35 வார்த்தை இருக்கு. ஒரு வரி கிளாஸ்னு ஆரம்பிச்சாலே, சரி இவங்க புதுசா ஒரு கிளாஸ் எழுதப் போறாங்கன்னு பார்சர் (கோடைப் படிச்சுப் பிரிச்சுப் பார்க்கிற பகுதி) முடிவு பண்ணிடும், அடுத்து அந்த கிளாஸுக்கு ஒரு பேர் வரணும்னு காத்துட்டு இருக்கும். நீங்க பேருக்குப் பதிலா சமக்குறியைக் குடுத்தீங்க. அதுக்கு தப்பா தெரிஞ்சது சமக்குறிதான், அதான் அம்பு அங்க போய் நின்னுச்சு. இனிமே எப்பவாவது அம்பு காட்ற இடத்துல ஒரு தப்பும் கண்ணுக்குத் தெரியலன்னா அதுக்கு ஒரு வார்த்தை முன்னாடி என்ன இருக்குன்னு பாருங்க, பாதி நேரம் விஷயம் அங்கதான் இருக்கும்.

கேப்பிடல் போட்டா ஓடினதுக்குக் காரணம், பைத்தானுக்கு சின்ன எழுத்தும் பெரிய எழுத்தும் வேற வேற. ஆனா அப்படி எழுதாதீங்க, பைத்தான்ல பெரிய எழுத்துல ஆரம்பிச்சா அது ஒரு கிளாஸோட பேர்னுதான் படிக்கிறவங்க எடுத்துப்பாங்க.

லிஸ்ட் கதை வேற. லிஸ்ட், எஸ்டிஆர், ஐடி, டைப், சம், மேக்ஸ், இன்புட் இதெல்லாம் கீவேர்டே கிடையாது, பைத்தான் முன்கூட்டியே ரெடி பண்ணி வெச்சிருக்கிற சாதாரண பேருங்க. பில்ட்-இன்னு சொல்வாங்க. ஒரு பேரைத் தேடும்போது பைத்தான் முதல்ல நீங்க வெச்ச பேருங்கள்ல தேடும், அங்க இல்லன்னாதான் பில்ட்-இன் பக்கம் போகும். நீங்க லிஸ்ட் = [] னு எழுதின நிமிஷமே ஒரிஜினல் லிஸ்ட்டை உங்க லிஸ்ட் மறைச்சிடுச்சு. ஒரிஜினல் எங்கயும் போகல, பின்னாடி அப்படியேதான் இருக்கு. அதுக்கப்புறம் லிஸ்ட்(...) னு கூப்பிட்டா, மார்க் வெச்சிருக்கிற உங்க லிஸ்ட்டை ஃபங்ஷன் மாதிரி கூப்பிடற கணக்கு, அதான் காலபிள் இல்லன்னு சொல்லுது.

அழிச்ச வரி ஏன் வேலை செய்யுதுன்னா, நோட்புக்ல செல்லுல இருக்கிற எழுத்தைத்தான் நீங்க அழிச்சீங்க, பின்னாடி கோடை ஓட்டற கெர்னலோட ஞாபகத்துல அந்தப் பேர் இன்னும் உக்காந்திருக்கு. டெல் லிஸ்ட்னு ஒரு வரி ஓட்டுங்க, உங்களோடது போயிடும், பின்னாடி இருந்த ஒரிஜினல் மறுபடி தெரியும். இல்ல, கெர்னலை ரீஸ்டார்ட் பண்ணுங்க.

என்னைக் கேட்டா கிளாஸ்னு வெச்சதை விட லிஸ்ட்னு வெச்சதுதான் ஆபத்து. கீவேர்ட்னா ஃபைலோட முதல் வரி கூட ஓடாது, அங்கயே நிறுத்தி சொல்லிடும். பில்ட்-இன்னை மறைச்சா ஒரு சத்தமும் இருக்காது, எங்கயோ அறுபது வரி தள்ளி சம்பந்தமே இல்லாத இடத்துல வெடிக்கும்.


நள்ளிரவு_கோடர்:

மேல சொன்னது நூத்துக்கு நூறு சரி. அதோட ஒண்ணு சேர்த்துக்கிறேன், கீவேர்ட் லிஸ்ட் என்னைக்கும் ஒரே மாதிரி இருக்கும்னு நெனச்சுக்காதீங்க, மொழி வளர வளர அதுவும் வளரும்.

நான் முன்னாடி வேலை பார்த்த இடத்துல ஒரு உள் லைப்ரரி இருந்துச்சு, அதுல ஒரு ஃபங்ஷனுக்கு ஏசிங்க்னு ஒரு ஆர்க்யுமென்ட், ட்ரூ குடுத்தா வேலை பின்னாடி ஓடும், ஃபால்ஸ் குடுத்தா முடியற வரைக்கும் காத்திருக்கும். எழுதின காலத்துல அது ரொம்ப நியாயமான பேர். 2015ல பைத்தான் 3.5 வந்தப்போ ஏசிங்க், அவெயிட் ரெண்டும் மொழிக்குள்ள வந்துச்சு, ஆனா அப்போதைக்கு பேரா வெச்சாலும் விட்டுட்டாங்க. 3.6ல வார்னிங் குடுத்தாங்க, அந்த வகை வார்னிங் சாதாரணமா கண்ணுலயே படாது. 2018ல 3.7 வந்ததும் ரெண்டும் முழு கீவேர்ட் ஆயிடுச்சு. நாங்க சர்வர்ல பைத்தானை மாத்தின அன்னிக்கு அந்த லைப்ரரியை இம்போர்ட் பண்ற அத்தனையும் நின்னு போச்சு. ஃபங்ஷன் ஒண்ணுதான், அதை மாத்த ரெண்டு நிமிஷம் போதும், ஆனா ஏசிங்க்=ட்ரூன்னு போட்டு அதைக் கூப்பிட்ட ஒவ்வொரு ஃபைலுக்கும் அதே சின்டாக்ஸ் எரர், அத்தனையையும் தேடித் தேடி மாத்த வேண்டியதாப் போச்சு. விடியற வரைக்கும் உக்காந்திருந்தோம், இப்பவும் ஆர்க்யுமென்ட்டுக்கு பேர் வெக்கிறப்ப எனக்கு அந்த ராத்திரிதான் ஞாபகம் வரும்.

அதுக்கப்புறம் பைத்தான்காரங்க ரொம்ப ஜாக்கிரதை ஆயிட்டாங்க. 2021ல 3.10ல மேட்ச், கேஸ் வந்தப்போ அதை சாஃப்ட் கீவேர்டா வெச்சாங்க, ரெகுலர் எக்ஸ்ப்ரஷன் மாட்யூல்லயே மேட்ச்னு ஃபங்ஷன் இருக்கு, ஊருலகத்துல முக்கால்வாசி பேர் அதோட ரிசல்ட்டை மேட்ச்ங்கிற வேரியபிள்லதான் வெச்சிருக்காங்க, அதையெல்லாம் உடைக்க முடியுமா? அதனால மேட்ச் ஸ்டேட்மென்ட் வர்ற இடத்துல மட்டும் அது கீவேர்ட், மத்த இடத்துல வெறும் பேர். 3.12ல டைப்புக்கும் இதே ஏற்பாடுதான்.

உங்க வெர்ஷன்ல எதெல்லாம் கீவேர்ட்னு பார்க்க இம்போர்ட் கீவேர்ட்னு போட்டு கீவேர்ட்.கேடபிள்யூலிஸ்ட்டை ப்ரின்ட் பண்ணுங்க, சாஃப்ட் கீவேர்ட் தவிர மொத்தமும் வந்துடும்.


புது_நிரலர்:

ரெண்டு பேருக்கும் ரொம்ப நன்றி அண்ணா. டெல் லிஸ்ட் போட்டேன், சரியாயிடுச்சு! அப்போ கிளாஸுக்குப் பதிலா என்ன பேர் வைக்கறது? சிலர் கடைசியில அண்டர்ஸ்கோர் போடறாங்க, சிலர் கே போட்டு க்ளாஸ்னு ஸ்பெல்லிங்கையே மாத்தறாங்க, எது சரி? ஃபைல் வேற ஒருத்தர் குடுக்கறது, தலைப்பை என்னால மாத்த முடியாது.


செமிகோலன்:

தலைப்பை மாத்தவே வேணாம். கோட்டுக்குள்ள இருக்கிற ஸ்ட்ரிங் என்ன சொல்லணும்னாலும் சொல்லலாம், ரோ["கிளாஸ்"] னு படிக்கறதுக்கு தடையே இல்ல. இடது பக்கம் வர்ற பேர்தான் பிரச்சனை.

பைத்தான் ஸ்டைல் கைடு, அதாவது பெப் 8, கீவேர்டோட மோதுற பேருக்கு கடைசியில ஒரு அண்டர்ஸ்கோர் போடுன்னு சொல்லுது, ஸ்பெல்லிங்கை சிதைக்கறதை விட அதுதான் நல்லதுன்னும் சொல்லுது. ஜாவாவுல இசட் போட்டு எழுதறது பழக்கம், ரூபியில கே போட்டு எழுதறது பழக்கம், அந்தந்த ஊர்ல அது செல்லும். சில மொழியில கீவேர்டையே பேரா வெக்க வழி வெச்சிருக்காங்க. சி ஷார்ப்ல முன்னாடி ஒரு அட் குறி போட்டா போதும், கோட்லின்லயும் ஸ்விஃப்ட்லயும் பேக்டிக் (`) குறிக்குள்ள போடணும், ரஸ்ட்ல ஆர் எழுத்தும் ஹேஷும் முன்னாடி வரணும். கோட்லின்ல மொக்கிட்டோ வெச்சு டெஸ்ட் எழுதினவங்களுக்கு இது நல்லா தெரியும், அந்த லைப்ரரியில வென்னு ஒரு ஃபங்ஷன், கோட்லின்லயோ வென் கீவேர்ட், ஒவ்வொரு டெஸ்ட்லயும் பேக்டிக் போட்டுப் போட்டு கை ஓஞ்சிடும். சி ப்ளஸ் ப்ளஸ் 2020 பதிப்புல அவெயிட்டுன்னு நேரா வெக்காம முன்னாடி கோ அண்டர்ஸ்கோர் ஒட்டினதே ஏற்கனவே இருக்கிற கோட்ல அந்தப் பேரு இருக்குமேங்கிற பயத்துலதான்.

1960கள்ல ஐபிஎம் கொண்டு வந்த பிஎல்/ஒன்ல ரிசர்வ்டு வார்த்தையே கிடையாது, இஃப்ங்கிற பேர்ல வேரியபிள் வெச்சு இஃப் கண்டிஷனுக்குள்ளயே போடலாம். கம்பைலர் புரிஞ்சுக்கும், படிக்கிற மனுஷனுக்குத்தான் தலை சுத்தும்.

ஆனா இதெல்லாம் வேற வழியே இல்லாதப்போ மட்டும். உங்க கேஸ்ல அந்த கிளாஸ்ங்கிறது என்ன? எட்டாம் வகுப்பா, ஏ பிரிவா? அதைச் சொல்ற பேரா வையுங்க, கிரேட், செக்‌ஷன், கிளாஸ்_நேம், எது பொருந்துதோ அது. லிஸ்ட்டுக்கும் அப்படித்தான், உள்ள இருக்கறது மார்க்னா மார்க்ஸ்னு வெச்சா போச்சு. கீவேர்டோட இடிக்குதுன்னாலே அந்தப் பேர் ரொம்ப பொதுவா இருக்குன்னுதான் நான் எடுத்துப்பேன், இன்னும் கொஞ்சம் குறிப்பா யோசிச்சா நல்ல பேரே கிடைக்கும். இன்னொண்ணு, பைத்தான் 3ல தமிழ் எழுத்துலயே வேரியபிள் வெக்கலாம், வகுப்பு = ரோ["கிளாஸ்"] னு எழுதினா நிஜமாவே ஓடும். தனியா கத்துக்கறப்போ தாராளமா பண்ணுங்க, எனக்கு ரொம்பப் பிடிக்கும், நாலு பேர் சேர்ந்து எழுதற ப்ராஜெக்ட்னா முதல்ல அவங்களைக் கேட்டுக்கங்க.


டேபிள்காரன்:

இந்த மார்க்கையெல்லாம் நாளைக்கு டேட்டாபேஸ்ல போடப் போறீங்கன்னா இப்பவே சொல்லிடறேன், டேட்டாபேஸ்கிட்ட பேசற மொழியான எஸ்க்யூஎல்ல இதை விட மோசம். ஆர்டர், க்ரூப், யூசர், டெஸ்க் (டிஸ்கிரிப்ஷனைச் சுருக்கி எழுதறது) இப்படி மனுஷங்க சாதாரணமா வெக்கிற பேர் பாதி அங்க ரிசர்வ்டு. போஸ்ட்கிரஸ் டேட்டாபேஸ்ல யூசர்னு டேபிள் வெச்சுட்டு கோட்டேஷன் போடாம செலக்ட் ஸ்டார் ஃப்ரம் யூசர்னு ஓட்டிப் பாருங்க, எரரே வராது, ஒரே ஒரு வரி வரும், அதுல நீங்க எந்தப் பேர்ல டேட்டாபேஸுக்குள்ள லாகின் பண்ணீங்களோ அந்தப் பேர் இருக்கும். உங்க டேபிளை அது தொடவே இல்ல! நான் முதல் தடவை பார்த்தப்போ டேட்டா எல்லாம் அழிஞ்சு போச்சுன்னு நெஞ்சு படபடன்னு அடிச்சுக்கிச்சு.

உங்களுக்கு நேரா தேவைப்படறது ஒண்ணு, மார்க் டேபிள்னா கண்டிப்பா ரேங்க்னு ஒரு ஃபீல்டு வெப்பீங்க. மைஎஸ்க்யூஎல் 5.7ல அது ஓடும், 8.0ல விண்டோ ஃபங்ஷன் வந்தப்போ ரேங்க் ரிசர்வ்டு ஆயிடுச்சு, பழைய க்வெரி அப்படியே உடையும். மைஎஸ்க்யூஎல்ல பேக்டிக், போஸ்ட்கிரஸ்ல டபுள் கோட்டேஷன், எஸ்க்யூஎல் சர்வர்ல சதுர அடைப்பு போட்டு தப்பிக்கலாம். ஆனா டேபிள் பேர் ஒரு தடவை வெச்சா வருஷக்கணக்கா மாத்த முடியாது, எழுதற ஒவ்வொருத்தரும் ஒவ்வொரு க்வெரியிலயும் அந்தக் குறியை ஞாபகம் வெச்சுக்கணும். க்ளாஸ்_ரேங்க்னு வெச்சுட்டுப் போங்க.


புது_நிரலர்:

மார்க்ஸ், செக்‌ஷன்னு மாத்திட்டேன், இப்போ படிக்கவே நல்லா இருக்கு. கடைசியா ஒண்ணு மட்டும், தலைப்புங்களை அப்படியே எடுத்து நேம்டு டியூப்பிள் (ஒவ்வொரு மதிப்புக்கும் ஒரு பேர் இருக்கிற டியூப்பிள்) பண்ணினா அதுவும் கிளாஸ்ங்கிற பேருக்கு வேல்யூ எரர் குடுக்குது, அங்க ஸ்ட்ரிங்காத்தானே குடுக்கறேன்?


அடைப்புக்குறி:

ஸ்ட்ரிங்காதான் குடுக்கறீங்க, ஆனா அப்புறம் புள்ளி வெச்சு ரோ.கிளாஸ்னு எடுக்கணுமே, புள்ளிக்கு அடுத்து பைத்தான்ல கீவேர்ட் வர முடியாது, அதனால அது முன்னாடியே மறுத்துடுது. ரீநேம்=ட்ரூன்னு ஒரு ஆப்ஷன் இருக்கு, போட்டா அந்த ஃபீல்டுக்கு மட்டும் அண்டர்ஸ்கோரும் அது எத்தனாவது இடமோ அந்த நம்பரும் பேரா வரும், எண்ணிக்கை பூஜ்யத்துல இருந்து ஆரம்பிக்கும், அதனால மூணாவது தலைப்புன்னா _2. எனக்கு அது பிடிக்காது, நாளைக்கு ஃபைல்ல ஒரு தலைப்பு முன்னாடி நுழைஞ்சா நம்பர் மாறிடும். தலைப்புங்களைப் படிச்ச உடனே கிளாஸ்னு இருந்தா செக்‌ஷன்னு மாத்திட்டு அப்புறமா டியூப்பிள் பண்ணுங்க, ஒரே வரி வேலை.